நியூயோர்க்கில் மட்டும் மழை

மூன்றாவது இனிங்ஸ் முடியப்போகிறது என்றால் றோஸக்கா அப்பத் தாச்சியை அடுப்பிலிருந்து இறக்கிவிடுவார். "ஆருக்கும் ஏதும் வேணுமெண்டால் இப்பவே சொல்லுங்கோ. பிறகு கேட்டால் தரமாட்டன்." ஈரச் சாரத்தோடு வாங்கில் இருப்பவர்கள் அவசர அவசரமாக ஒரு பிளேன்ரீ, இரண்டு பாலப்பம் என்று சொல்லி முடிப்பார்கள். சீனி ரின்னில் சாய்த்து வைத்த கைபேசியில், பச்சைப் புல்வெளியின் நடுவே ஒருவன் மட்டையை ஓங்கி வீசுவான். பந்து அவனைத் தாண்டிப் போய்விடும். கறுப்புச் சட்டை போட்ட நடுவர் கையை மடக்குவார். ஆட்டக்காரர்கள் உள்ளே ஓடுவார்கள். அந்த இடத்தில் படம் போய் வெறும் நீலப் பலகை ஒன்று வரும். விளம்பர இடைவேளை என்று அதில் ஆங்கிலத்தில் எழுதியிருக்கும். ஆட்டத்தைவிட அந்த நீலப் பலகையைத்தான் றோஸக்கா கவனமாகப் பார்ப்பார். கண் வெட்டமாட்டார்.

பலகை விலகும்போது, படத்தின் ஓரத்தில் ஐந்தாறு பேர் செம்மண்ணைச் சமன்படுத்தி முடித்துவிட்டு வேலியிலுள்ள சின்னக் கதவை நோக்கி ஓடிக்கொண்டிருப்பார்கள். எல்லோருக்கும் ஒரே நிறச் சட்டை, ஒரே நிறத் தொப்பி. இரண்டு மூச்சு விடுகிற நேரம். கதவு மூடிவிடும்.

"அந்தா, கடைசியிலை ஓடுறவன். குதிக்கால் நிலத்திலை படாமல் ஓடுறான், பாத்தியளே? சின்னனிலை செருப்புப் போடமாட்டான். சுடுதாரிலை ஓடி ஓடி வந்த பழக்கம்."

பிறகு தாச்சி அடுப்பில் ஏறும். ஆறாவது இனிங்ஸ் முடிவில் இன்னொருமுறை இறங்கும். ஒரு ஆட்டத்தில் அவர்கள் மண் கூட்ட வருவது அந்த இரண்டு தடவைகள்தான்.

குருநகர் இறங்குதுறைக்கு எதிரே, தகரக் கூரை போட்ட கடை அது. நான் கடற்றொழில் அலுவலகத்துக்காகக் கரைக்கு வரும் மீன் விபரம் எடுப்பவன். எங்கள் பரம்பரையில் முதல் பட்டதாரி. அச்சுவேலிப் பக்கத்து வெங்காயத் தோட்டத்திலிருந்து வந்தவனுக்குக் கடலும் புதிது, இந்தப் பேஸ்போல் விளையாட்டும் புதிது. வயதுக்கு நான் அவரை அன்ரி என்றுதான் கூப்பிட வேண்டும். ஆனால் கரையில் சின்னவர் பெரியவர் எல்லோருக்கும் அவர் றோஸக்காதான். எனக்கு அவர் வைத்த பெயர் பட்டதாரித் தம்பி. அதில் பகிடி பாதி, மரியாதை பாதி. இரண்டையும் நான் சந்தோசமாக வாங்கிக்கொள்கிறேன்.

நியூயோர்க்கில் இரவாட்டம் தொடங்கும்போது இங்கே கோழி கூவும். "அங்கை இன்னும் நேற்றுத்தான் தம்பி," என்பார் றோஸக்கா. நேற்றில் இருக்கிற மகனை இன்றிலிருந்து பார்ப்பதற்கு அவர் மாதாமாதம் காசு கட்டுகிறார். அமெரிக்காவில் இருக்கும் அவருடைய மருமகள் முறையான ஜெசிதாதான் அந்த நேரலையை இணைத்துக் கொடுத்தாள். தானே கட்டுகிறேன் என்றாளாம். றோஸக்கா விடவில்லை. "என்ரை பிள்ளையைப் பாக்கிறதுக்கு நான்தான் கட்டுவன்." அப்பம் விற்ற காசு, ஜெசிதாவின் தாய் கையில் போய், அங்கிருந்து கடல் கடக்கிறது.

"யாழ்ப்பாணத்திலை கிரிக்கெட் பாக்கவே ஒருத்தரும் காசு குடுக்கிறேல்லை. உந்தப் பந்தடிக்குக் காசு கட்டுற ஒரே ஆள் நீங்கள்தானக்கா," என்று கனிசியஸ் அடிக்கடி சீண்டுவான். றோஸக்காவின் மகனோடு ஒரே வகுப்பில் படித்தவன், இப்போது சொந்தமாக ஒரு படகு வைத்திருக்கிறான். "இன்ரநெற்றிலை சும்மா துண்டு துண்டாப் போடுறாங்களே, அதைப் பாருங்கோவன்."

"சும்மா போடுறதிலை அடிக்கிறவனைத்தான் காட்டுவாங்கள். கூட்டிறவனைப் பாக்கிறதெண்டால் காசு கட்டத்தான் வேணும்."

கனிசியஸ் அப்பத்தைப் பிய்த்துச் சம்பலில் தோய்த்தான்.

காணொளி அழைப்பு வீட்டுக்கு வீடு வந்துவிட்ட காலத்தில் இது என்ன கூத்து என்று வாசகர்கள் கேட்கலாம். நானும் கேட்டேன். அவர் மா கரைத்துக்கொண்டே சொன்னார். மூன்று வருடங்களுக்கு முன் அவருடைய கணவர் நீக்கிலாப்பிள்ளை நெஞ்சுவலியில் போய்விட்டார். ஒரே மகன் றஜிந்தன் நியூயோர்க்கில். பெட்டியை மூடாமல் இரண்டு நாள் பார்த்திருந்தார்கள். அவன் வரவில்லை. தொலைபேசியில் அழுதான். றோஸக்கா அழவில்லை. செத்தவீட்டுச் சனம் எல்லாம் கேட்டிருக்க, "அப்பான்ரை முகத்தைப் பாக்க வராதவன் இனி என்னோடை கதையாதை," என்று சொல்லி வைத்துவிட்டார். அகதி வழக்கு முடியாமல் அந்த நாட்டைவிட்டு வெளிக்கிட்டால் திரும்பவும் உள்ளே போக முடியாது என்பது அவருக்கு அந்த நேரம் தெரியாது. ஜெசிதா பிறகுதான் விளங்கப்படுத்தினாளாம்.

"அவன் எடுக்கிறேல்லை. நான் எடுத்தாலும் அந்த நம்பர் இல்லை. அம்மா கதைக்கச் சொன்னவ எண்டு ஜெசிதாவிட்டைச் சொல்லிவிட்டனான். 'ம்' எண்டானாம்." கரண்டி சட்டியில் இரண்டு சுற்றுச் சுற்றியது. "சொல்வழி கேக்கிற பிள்ளை தம்பி. கதையாதை எண்டால் கதையான். அதுதான் பிழைச்சுப்போச்சு."

அவன் அந்த மைதானத்தில் வேலைக்குச் சேர்ந்த செய்தியும் ஜெசிதா வழியாகவே வந்தது. அன்றிலிருந்து பங்குனி தொடக்கம் புரட்டாதிவரை, சொந்த மைதானத்தில் ஆட்டம் நடக்கும் நாட்களில் எல்லாம் கைபேசி சீனி ரின்னில் சாய்ந்திருக்கிறது. இத்தனை ஆட்டங்களிலும் றோஸக்கா கண்டது ஒரு முதுகு. முகம் ஒருநாளும் திரும்பவில்லை. அந்த முதுகு றஜிந்தனுடையதுதானா என்று எனக்கு உள்ளுக்குள் ஒரு சந்தேகம் இருந்தது. சொல்லவில்லை.

கடையின் வாடிக்கைக்காரர்களும் இந்த விளையாட்டை அவரவர் பங்குக்குப் படித்துவிட்டார்கள். நாலு மூலையிலும் கிடக்கும் வெள்ளைப் பைகளுக்குத் தலையணை என்று பெயர். நாலு தலையணையும் தொட்டு வந்தால் ஒரு ஓட்டம். இரும்புக் கம்பி முகமூடி போட்டுக் குந்தியிருப்பவன் நண்டுக்கூடு. ஆட்டக்காரர்கள் எந்நேரமும் எதையோ மென்று துப்புவதைப் பார்த்து, "வெத்திலை எங்கை வாங்கிறாங்கள் உவங்கள்?" என்று கேட்டவர் கிறகோரியண்ணை. எழுபதை எட்டும் வயதிலும் தொழிலுக்குப் போகிறவர். நீக்கிலாப்பிள்ளையோடு ஒரே வள்ளத்தில் போய் வந்தவர். மண்ணைச் சமன்படுத்த அவர்கள் இழுத்துவரும் இரும்பு வலைத் தட்டியைப் பார்த்துவிட்டு, "அங்கை போயும் வலைதான் இழுக்கிறான்," என்று சொன்னவரும் அவர்தான். அன்றைக்கு றோஸக்கா அவருக்கு ஒரு முட்டையப்பம் கூடுதலாக வைத்தார்.

மழைக் கதை ஆனி மாதத்தில் தொடங்கியது. ஒருநாள் றோஸக்கா யாருடையதோ நினைவுத் திருப்பலிக்குப் போக, கனிசியஸ் கடை பார்த்தான். அவர் திரும்பி வந்தபோது அவன் துள்ளிக்கொண்டு நின்றான்.

"அக்கா, எங்கை போனனீங்கள்! அங்கை மழையெல்லே வந்தது. ஆட்டத்தை நிப்பாட்டிப்போட்டு, பெரிய படங்கு ஒண்டை இழுத்து நடுவெல்லாம் மூடினவங்கள். உங்கடை மோன்ரை ஆக்கள்தான். நீலப் பலகையே வரேல்லை. எப்பன் நேரமில்லை, நல்லாக் காட்டினவங்கள்!"

"அவன் நிண்டவனே?"

"எனக்கெங்கை தெரியும்? நான் அப்பத்தைக் கருக்கிக்கொண்டு நிண்டனான்."

றோஸக்கா வாங்கில் இருந்துவிட்டார். அன்று கருகிய அப்பங்களைப் பற்றி அவர் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

கரையில் ஒரு வழக்கம் உண்டு. படகுகள் கடலில் நிற்கும் நேரத்தில் காற்று, மழை என்ற சொற்களைக் கரையில் நிற்பவர்கள் வாயெடுத்துச் சொல்லமாட்டார்கள். தொழிலுக்குப் போனவனின் மனைவி வானம் கறுத்தாலும் "வானம் ஒருமாதிரிக் கிடக்கு" என்று மட்டுமே சொல்வாள். றோஸக்கா நாற்பது வருடம் அப்படி வாயைக் கட்டி வாழ்ந்தவர். அவர்தான் இறங்குதுறை முகப்பில் இருக்கும் அந்தோனியார் கூட்டில் மெழுகுதிரி கொளுத்தி மழை கேட்கத் தொடங்கினார். பக்கத்தில் நின்ற எனக்கு அந்த மன்றாட்டு நன்றாகக் கேட்டது.

"அந்தோனியாரே, நியூயோர்க்கிலை மட்டும். அந்த மைதானத்திலை மட்டும். பின்னேரம் ஏழு மணிக்குப் பிறகு. இஞ்சை ஒரு துளியும் வேண்டாம். இடியும் வேண்டாம், பிள்ளைக்குப் பயம். மழை மட்டும் காணும்."

எங்கள் ஊரில் மழைக்காகப் பொங்கல் வைப்பார்கள். வெங்காயம் பிடுங்கிப் பரவியிருக்கும் கிழமையில் அதே மழையைத் திட்டித் தீர்ப்பார்கள். இரண்டும் நான் கண்டதுதான். ஆனால் கடவுளுக்கு இவ்வளவு சரியாக விலாசம் சொல்லிக் கேட்டதை அங்கேதான் கண்டேன்.

என் பங்குக்கு நான் கைபேசியில் நியூயோர்க் வானிலையைப் பார்த்துச் சொல்லும் உத்தியோகம் ஏற்றேன்.

"இண்டைக்கு அறுபது வீதம், அக்கா."

"அறுபது எண்டால் வருமோ?"

"வரலாம். இதே மாதிரிப் பத்து நாள் இருந்தால் அதிலை ஆறு நாள்..."

"மற்ற நாலு நாளைப் பற்றி எனக்கென்னத்துக்கு? இண்டைக்கு வருமோ, வராதோ?"

"அப்பிடிச் சொல்லேலாது."

"படிச்ச பிள்ளையிட்டைக் கேட்டால் வரும் எண்டும் சொல்லான், வராது எண்டும் சொல்லான்," என்று வாங்கிலிருந்தவர்களைப் பார்த்துச் சொன்னார். எல்லோரும் சிரித்தார்கள். நான்தான் கூடுதலாகச் சிரித்தேன்.

ஆடி போனது, ஆவணி போனது. ஒருநாள் மழை வந்தது, ஆனால் அணி வேறு ஊருக்குப் போயிருந்தது. இன்னொருநாள் ஆட்டம் முடிந்து சனம் வீட்டுக்குப் போனபிறகு கொட்டியது. "நேரத்தைப் பிழையாச் சொல்லிப்போட்டன் போலை," என்று அடுத்தநாள் மெழுகுதிரியோடு திருத்தம் கொடுத்தார்.

புரட்டாதி பிறந்து சில நாட்களில், விடியப்புறம், படகுகள் இன்னும் கரை சேராத நேரத்தில் குருநகரில் காற்று எழும்பியது. தென்மேற்குச் சோளகம் ஓய்கிற பருவத்தில் எவரும் எதிர்பாராத காற்று. மழை சரிந்து அடித்தது. படகுகள் ஒவ்வொன்றாகத் தத்தளித்து வந்து சேர்ந்தன. ஆட்களுக்கு ஒன்றும் ஆகவில்லை. கிறகோரியண்ணையின் வலையில் பாதி கடலோடு போய்விட்டது.

தலை துவட்டியபடி கனிசியஸ்தான் முதலில் வாய் திறந்தான். "அக்கா, நீங்கள் விலாசத்தை வடிவாச் சொல்லேல்லைப் போலை. இஞ்சை வந்திட்டுது."

இரண்டொருவர் சிரித்தார்கள். கிறகோரியண்ணை சிரிக்கவில்லை. வாசலிலேயே நின்றார்.

"பகிடியே உது? நீக்கிலான்ரை பெண்சாதி, எங்களைக் கடலிலை விட்டிட்டு மழைக்கு மெழுகுதிரி கொளுத்துறதே? அவன் இருந்தால் உதைப் பொறுப்பானோ?"

"அண்ணை, நான் அங்கைக்குத்தானே..."

"அங்கை இஞ்சை எண்டு வானத்துக்கு வேலி கிடக்கே, றோஸ்?"

அவர் தேநீர் குடிக்காமல் போய்விட்டார். அதன்பிறகு எங்கள் கடையைத் தாண்டி, பனிக்கட்டிக் கடைக்குப் பக்கத்திலிருக்கும் மற்றக் கடைக்குப் போனார். றோஸக்கா அன்றோடு மெழுகுதிரியை நிறுத்தினார். என்னிடம் வீதம் கேட்பதையும் நிறுத்தினார். தாச்சி மட்டும் மூன்றிலும் ஆறிலும் வழமைபோல இறங்கி ஏறியது. முதுகு ஓடிக் கதவுக்குள் மறைந்தது.

"இந்தக் கிழமையோடை சரி," என்று ஒருநாள் தானாகச் சொன்னார். "வெள்ளிக்கிழமை ஆட்டத்தோடை அங்கை பூட்டிப்போடுவாங்கள். பிறகு பங்குனி வரைக்கும் ஒண்டுமில்லை. அடுத்த வருசம் அந்த வேலைக்கு அவனைக் கூப்பிடுவினமோ தெரியாதாம், ஜெசிதா சொல்லுறாள்." அப்பம் ஒன்றைத் தாச்சியிலிருந்து வழித்தெடுத்து, நெடுநேரம் கையிலேயே வைத்திருந்தார். "முகத்தை ஒருக்கால் பாத்தால் காணும் தம்பி. இளைச்சிட்டானோ, கொழுத்திட்டானோ எண்டும் முதுகிலை தெரியுதில்லை."

அங்கே அவர்களுக்கு வெள்ளி மாலை, எங்களுக்குச் சனி விடியல். நான் வானிலையைப் பார்த்திருந்தேன். இருபது வீதம். அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. மூன்றாவது இனிங்ஸ் முடிவில் தாச்சி இறங்கியது. நீலப் பலகை விலகத் தாமதமாகி, கதவு மூடுவதைத்தான் கண்டோம். றோஸக்கா தாச்சியைத் திரும்ப ஏற்றினார்.

ஐந்தாவதின் நடுவில் பந்தெறிபவன் வானத்தைப் பார்த்தான். பிறகு கையைச் சட்டையில் துடைத்தான். விளக்கு வெளிச்சத்தில் கோடு கோடாக ஏதோ விழுவதைக் கனிசியஸ்தான் முதலில் கண்டான். படகுகள் எல்லாம் கரையில் நிற்கின்றனவா என்று ஒருமுறை திரும்பிப் பார்த்து உறுதிப்படுத்திக்கொண்டு, பிறகுதான் கத்தினான்.

"அக்கா, மழை!"

தாச்சியை இறக்க ஆளில்லை. நான்தான் இறக்கினேன். விரலைச் சுட்டுக்கொண்டேன். நடுவர் இரண்டு கைகளையும் உயர்த்தி ஆட்டத்தை நிறுத்தினார். வேலிக் கதவு திறந்தது. அந்த ஆட்கள் முதன்முறையாக எங்களைப் பார்த்து ஓடிவந்தார்கள். நீண்ட உருளையில் சுற்றிக் கிடந்த வெள்ளைப் படங்கைத் தள்ளி விரித்து, ஓரத்தைப் பிடித்துக்கொண்டு மைதானத்துக்குக் குறுக்கே இழுத்தார்கள். பாதித் தூரத்தில் காற்று அதன் அடியில் நுழைந்தது. படங்கு பாய்போல எழும்பி இரண்டு பேரைத் தூக்கி விழுத்தியது. பார்த்திருந்த நியூயோர்க் சனம் ஆரவாரித்தது. படம்பிடிப்பவர்களுக்கு அது நல்ல வேடிக்கையாக இருந்திருக்க வேண்டும். அவர்கள் அதைவிட்டு நகரவில்லை.

கடையும் ஆரவாரித்தது. "அமத்துங்கோடா! ஏறிப் படுங்கோடா அதுக்கு மேலை!" சத்தம் கேட்டு வீதியில் போனவர்கள் தலையை நீட்டினார்கள். அவர்களுக்குள் கிறகோரியண்ணையும் இருந்தார். என்ன ஏது என்று கேட்காமல் இரண்டு தோள்களுக்கு நடுவே முகத்தை நுழைத்துப் பார்த்தார்.

"விசரங்கள். காத்து வாற பக்கத்தைத் திறந்துவிட்டிட்டு மற்றப் பக்கத்தை இழுக்கிறாங்கள். காத்துப் பக்கம் போகச் சொல்லு! றோஸ், அவனைக் காத்துப் பக்கம் போகச் சொல்லடி பிள்ளை!"

சொன்னது கேட்டதுபோல ஒருவன் கூட்டத்திலிருந்து பிரிந்து, குதிக்கால் படாமல் ஓடி, காற்றுப் பக்கத்து ஓரத்தில் முழங்காலில் விழுந்து இரண்டு கைகளாலும் படங்கை அமத்தினான். அவனுடைய தொப்பி பறந்தது. படம் அவனை நெருங்கிப் பெரிதாகியது. முன்தலையில் முடி கழன்றிருந்தது. காதோரம் நரைத்திருந்தது. மழை நெற்றியில் அடித்து மூக்கு நுனியால் வடிய, அவன் முகத்தைத் தூக்கி யாரையோ பார்த்துச் சிரித்தான்.

"அடேய், றஜி!" என்றான் கனிசியஸ்.

எல்லோரும் ஒரேயடியாகக் கதைத்தார்கள். இளைச்சிட்டான் என்றார் ஒருவர். அப்பான்ரை மூக்கு என்றார் கிறகோரியண்ணை. றோஸக்கா தோளில் கிடந்த துவாயை எடுத்தார். அதன் காய்ந்த முனையைத் தேடிப் பிடித்தார். குனிந்து, கைபேசியில் தெரிந்த அந்த நனைந்த தலையைத் துவட்டத் தொடங்கினார்.

"அக்கா, தொடாதேங்கோ, படம் நிண்டிடும்!"

விரல் பட்டுப் படம் நின்றுவிட்டது. மழை நடுவானில் நின்றது. அவர் முதலில் உச்சியைத் துவட்டினார், பிறகு நெற்றியை, பிறகு துவாயைத் திருப்பிப் பிடித்துக் காதுக்குப் பின்னால்.